47ஏ நோட்டீஸ் வந்தால்: முத்திரைத் தீர்வை மதிப்பை எதிர்ப்பதற்கு ஒரு கையேடு

என் சித்தப்பா 40 சென்ட் புஞ்சை வாங்கினார். சென்ட் 30,000 ரூபாய், மொத்தம் 12 லட்சம், முழுப் பணமும் வங்கி வழியாகப் போனது. பதிவுக்குப் போன இடத்தில்தான் சங்கதி தெரிந்தது. அதே சர்வே எண்ணின் மறுகோடியில் யாரோ மனைப்பிரிவு போட்டிருக்கிறார்கள். அதனால் அந்த எண்ணுக்கு வழிகாட்டி மதிப்பு, அதாவது பதிவுத்துறை குறித்து வைத்திருக்கும் விலை, சதுர அடிக் கணக்குக்கு மாறியிருந்தது: சதுர அடிக்கு 300 ரூபாய். ஒரு சென்ட் என்பது 435.6 சதுர அடி. 40 சென்ட்டுக்கு 17,424 சதுர அடி. பெருக்கினால் 52,27,200 ரூபாய். கம்பும் சோளமும் போடுகிற காட்டுக்கு!

பத்திரம் பதிவானது, அசல் கைக்கு வரவில்லை. "47ஏ-க்கு அனுப்புகிறோம், நோட்டீஸ் வரும்" என்றார்கள். வந்தது. சித்தப்பா அதைப் பிரித்துப் பார்த்துவிட்டு பீரோவில் வேட்டிகளுக்கு அடியில் வைத்தார். கூப்பிடும்போது போய்ச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்திருக்கிறார். அடுத்தடுத்து வந்த தபால்களும் அங்கேயே போய்ச் சேர்ந்தன. கடைசியில் வந்தது உத்தரவு: மதிப்பு 52,27,200 ரூபாய், குறைவு முத்திரைத் தீர்வை 2,81,904 ரூபாய்.

அந்த உத்தரவைப் பிடித்துக்கொண்டு நாங்கள் ஒன்றரை வருடம் அலைந்தோம். முதல் நோட்டீஸ் வந்தபோதே நாலு பக்கம் எழுதிக் கொடுத்திருந்தால் இந்த அலைச்சலில் பாதி இருந்திருக்காது. அதனால் இதில் மேல்முறையீட்டைவிட முதல் 21 நாளைப் பற்றித்தான் அதிகம் சொல்லப்போகிறேன். இது தமிழ்நாட்டு நடைமுறை. பிற மாநிலங்களில் கெடுவும் அதிகாரிகளும் வேறு.

47ஏ என்றால் என்ன

1899-ஆம் ஆண்டு இந்திய முத்திரைச் சட்டத்தில் தமிழ்நாடு தனக்காகச் சேர்த்துக்கொண்ட பிரிவு இது. சொத்தின் சந்தை மதிப்பு பத்திரத்தில் உண்மையாகக் காட்டப்படவில்லை என்று சார்பதிவாளர் நம்புவதற்குக் காரணம் இருந்தால், பத்திரத்தைப் பதிவு செய்துவிட்டு, மதிப்பை முடிவு செய்யச் சொல்லி ஆட்சியருக்கு அனுப்பலாம். ஆட்சியர் என்றதும் மாவட்ட ஆட்சியர் அலுவலகத்து மாடிப்படி ஏற வேண்டாம். இதற்கென்று முத்திரைப் பிரிவுக்குத் தனித்துணை ஆட்சியர் இருக்கிறார். சில இடங்களில் மாவட்ட வருவாய் அலுவலர் நிலையில் இருப்பவர் பார்க்கிறார். உங்கள் நோட்டீஸின் தலைப்பில் யார் பெயர் இருக்கிறதோ அவர்தான் உங்களுக்கு ஆட்சியர்.

விசாரணை எப்படி நடக்க வேண்டும் என்பதை 1968-ஆம் ஆண்டின் மதிப்புக் குறைவுத் தடுப்பு விதிகள் சொல்கின்றன. இந்த விதிகளை ஒரு தடவை வாசித்துவிடுங்கள். சில பக்கங்கள்தான். வழக்கறிஞர் வைத்தாலும் இதை நீங்கள் வாசித்திருப்பது நல்லது.

வழிகாட்டி மதிப்பும் சந்தை மதிப்பும் ஒன்றல்ல. எதிர்ப்பின் அடிப்படையே இதுதான். வழிகாட்டிப் பதிவேடு சார்பதிவாளர் ஒப்பிட்டுப் பார்ப்பதற்கான கருவி, அவ்வளவுதான். அதுவே இறுதி விலை ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 1994-இல் ஆந்திர வழக்கு ஒன்றிலும், 2003-இல் டான்சி என்ற தமிழ்நாடு அரசு நிறுவனத்தின் நில வழக்கிலும் சொல்லியிருக்கிறது. 2025 ஜனவரியில் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில், நம்புவதற்கான காரணம் பதிவாகியிருக்க வேண்டும், சும்மா துருவிப் பார்ப்பதற்காக அனுப்பக் கூடாது என்றும் சொன்னது. அலுவலகத்தில் "கைடுலைன் இதுதான் சார், நாங்க என்ன பண்றது" என்பார்கள். அது அவர்களுடைய நிலைமை. சட்டத்தின் நிலைமை வேறு.

பதிவுக்கு முன்பே ஒரு கணக்கு

பதிவுத்துறை இணையதளத்தில் கிராமம், சர்வே எண் அல்லது தெருப் பெயர் போட்டால் வழிகாட்டி மதிப்பு வந்துவிடும். முன்பணம் கொடுப்பதற்கு முன்பே பாருங்கள். பழைய தாளை நம்ப வேண்டாம். 2017 ஜூனில் வழிகாட்டி மதிப்பை 33 சதவீதம் குறைத்தார்கள். 2023 மார்ச்சில் ஒரு சுற்றறிக்கை மூலம் ஏற்றியதை, உரிய நடைமுறை இல்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் 2024-இல் ரத்து செய்தது. அப்புறம் நடைமுறைப்படி திருத்தி 2024 ஜூலை 1 முதல் புதிய மதிப்பு வந்தது. பக்கத்து வீட்டுக்காரர் மூன்று வருடம் முன்பு கட்டிய தொகை உங்களுக்குப் பயன்படாது.

வித்தியாசம் தெரிந்ததும், சண்டை போடுவது லாபமா என்று உட்கார்ந்து பாருங்கள். கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம். 1,200 சதுர அடி மனைக்கு வழிகாட்டி சதுர அடி 1,500 ரூபாய் என்றால் 18 லட்சம். நீங்கள் உண்மையில் கொடுத்தது 16 லட்சம். வித்தியாசம் 2 லட்சம், அதற்குத் தீர்வை 14,000 ரூபாய். இதற்காக மதிப்பீட்டாளர் கட்டணம், நாலு தடவை பஸ், இரண்டு நாள் சம்பளம், அசல் பத்திரம் இல்லாமல் நிற்கிற வங்கிக் கடன்... என் கணக்கில் இது வேண்டாத வேலை, கட்டிவிட்டுப் போகலாம். சித்தப்பாவுடையது போல லட்சக்கணக்கில் வந்தால்தான் நின்று பார்க்க வேண்டும்.

இன்னொன்று. விலையில் பாதியைக் கையில் கொடுத்துவிட்டு மீதியை மட்டும் பத்திரத்தில் எழுதியவர்களுக்கு இந்தக் கட்டுரை உதவாது. இங்கே சொல்வதெல்லாம் உண்மையான விலையை எழுதியவர்களுக்கு.

உண்மை விலைக்கே எழுதிப் பதிவு செய்வது என்று முடிவு செய்தால், பத்திரத்திலேயே காரணத்தை எழுதிவிடுங்கள். பாதை இல்லாத நிலம், குத்தகைதாரர் குடியிருக்கிறார், மேலே உயர் அழுத்த மின்கம்பி போகிறது, பள்ளக்காடு, மழை பெய்தால் தண்ணீர் நிற்கும் என்று சொத்து விவரத்திலேயே வரட்டும். பிறகு விசாரணையில் சொல்லும்போது, நோட்டீஸ் வந்த பிறகு கிளப்பிய கதை என்று யாரும் தள்ள முடியாது.

பத்திரத்தில் எழுதும் முகவரியிலும் கவனம். நோட்டீஸ் அந்த முகவரிக்குத்தான் போகும். வாடகை வீட்டு முகவரியை எழுதிவிட்டு ஆறு மாதத்தில் காலி செய்தவர்களுக்கு, "இடம் பெயர்ந்தார்" என்று தபால் திரும்பி, அவர்கள் இல்லாமலேயே உத்தரவு போட்டுவிடுவார்கள். வீடு மாறினால் ஆவண எண்ணைக் குறிப்பிட்டு சார்பதிவாளருக்கும் தனித்துணை ஆட்சியருக்கும் ஸ்பீட் போஸ்டில் ஒரு கடிதம் போடுங்கள்.

முதல் நோட்டீஸ்: 21 நாள்

முதலில் வருவது படிவம் 1. மதிப்புக் குறைவு என்று உங்கள் பத்திரம் வந்திருக்கிறது, உங்கள் விளக்கத்தையும் ஆதாரத்தையும் கொடுங்கள் என்று அதில் இருக்கும். நோட்டீஸ் உங்கள் கையில் கிடைத்த நாளிலிருந்து 21 நாளுக்குள் எழுத்துமூலம் கொடுக்க வேண்டும்.

தபால்காரரிடம் கையெழுத்துப் போட்டு வாங்கியதும் உறையின் மேல் அன்றைய தேதியை எழுதுங்கள். உறையைத் தூக்கிப் போடாதீர்கள். தபால் முத்திரை பதிந்த அந்த உறைதான் பின்னால் எந்தத் தேதியில் கிடைத்தது என்பதற்கு உங்களிடம் இருக்கும் சாட்சி. நாட்காட்டியில் 21-ஆம் நாளை வட்டமிடுங்கள். வேலையை 15-ஆம் நாளுக்குள் முடித்துவிடுங்கள்.

அந்த 15 நாளில் நடக்க வேண்டியது இதுதான். முதல் இரண்டு நாளில் நோட்டீஸை வாசித்து, எந்த விகிதத்தில் மதிப்புப் போட்டிருக்கிறார்கள், சர்வே எண், உட்பிரிவு, பரப்பு எல்லாம் சரியா என்று பாருங்கள். உட்பிரிவு எண் மாறிப்போய் பக்கத்துத் தோட்டத்தின் மதிப்பு ஏறியிருப்பதும் உண்டு. அப்படி இருந்தால் உங்கள் வேலை பாதி முடிந்தது. சார்பதிவாளர் எந்தக் காரணத்தால் அனுப்பினார் என்பது நோட்டீஸில் இல்லையென்றால், அவருடைய பரிந்துரைக் கடிதத்தின் நகல் கேட்டு உடனே ஒரு மனு கொடுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டியும் கேட்கலாம், ஆனால் அதற்குப் பதில் தர 30 நாள் இருக்கிறது. உங்களுக்கோ 21 நாள்தான். அதனால் இரண்டையும் போடுங்கள், பதிலுக்காகக் காத்திருந்து விளக்கத்தைத் தள்ளிப்போடாதீர்கள்.

ஆதாரம் முழுதாகக் கிடைக்கவில்லையா? பரவாயில்லை. இருப்பதை வைத்து விளக்கத்தைக் கொடுத்து, "கூடுதல் ஆவணங்களை விசாரணையின்போது தாக்கல் செய்ய அனுமதி கோருகிறேன்" என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள். வெறும் கால அவகாசம் கேட்டு மட்டும் கடிதம் போடுவது ஆபத்து. கொடுத்தால் உண்டு, கொடுக்காவிட்டால் உங்கள் தரப்பில் காகிதமே இல்லை.

விளக்கம் எப்படி எழுதுவது என்று பலரும் திணறுகிறார்கள். பெரிய சட்டத் தமிழ் தேவையில்லை. சித்தப்பாவுக்காகப் பின்னால், மறு விசாரணை வந்தபோது, நாங்கள் எழுதிக் கொடுத்தது ஏறக்குறைய இப்படி இருந்தது:

"மேற்படி ஆவணத்தில் கண்ட 40 சென்ட் நிலம் கிராமக் கணக்கில் புஞ்சை. கிரயத் தேதியில் மானாவாரிப் பயிர் இருந்தது. அடங்கல் நகல் இணைப்பு 1. இதே சர்வே எண்ணின் கிழக்குப் பகுதியில் மனைப்பிரிவு உள்ளது. அந்த மனைகளுக்கும் என் நிலத்துக்கும் இடையே ஓடை உள்ளது. மனைப்பிரிவின் சாலை என் நிலத்தைத் தொடவில்லை. புல வரைபடம் இணைப்பு 2. என் நிலத்தை ஒட்டிய இரண்டு புஞ்சைகள் கிரயத் தேதிக்கு முந்தைய ஓராண்டுக்குள் சென்ட் கணக்கில் விற்கப்பட்டுள்ளன. சான்றிட்ட நகல்கள் இணைப்பு 3, 4. கிரயத் தொகை முழுவதும் வங்கி வழியாகக் கொடுக்கப்பட்டது. கணக்கு விவரம் இணைப்பு 5. எனவே சதுர அடி மதிப்பைத் தவிர்த்து ஏக்கர் மதிப்பில் நிர்ணயிக்கவும், நேரில் இடத்தைப் பார்வையிடவும் கேட்டுக்கொள்கிறேன்."

அவ்வளவுதான். ஒரு வாக்கியம், ஒரு ஆதாரம், ஒரு இணைப்பு எண். கஷ்டப்பட்டுச் சேர்த்த காசு, பிள்ளைகள் படிப்பு, அரசாங்கம் இரக்கம் காட்ட வேண்டும் என்பதெல்லாம் மனுவில் வேண்டாம். அதிகாரி அதை வைத்து ஒரு ரூபாயும் குறைக்க முடியாது. கடைசியில் நேரில் கொடுத்து நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள், அல்லது ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான ஆதாரத்தை வைத்துக்கொள்ளுங்கள்.

எந்த ஆதாரம் எடுபடும்

விதிகளிலேயே மதிப்பிட வேண்டிய அம்சங்களைச் சொல்லியிருக்கிறார்கள். நிலம் என்றால் வகைப்பாடு, நிலவரி விகிதம், சாலை, சந்தை, பேருந்து நிறுத்தம் எவ்வளவு தூரம், என்ன பயிர். வீட்டு மனை என்றால் அந்தப் பகுதியில் மனைகளின் பொதுவான விலை, சாலை வசதி, கடைவீதி. கட்டடம் என்றால் கட்டுமான வகை, கட்டிய ஆண்டு, பரப்பு, தேய்மானம், வாடகை, சொத்து வரி. உங்கள் விளக்கம் இந்த அம்சங்களின் வரிசையிலேயே போகட்டும். உத்தரவு எழுதுகிறவருக்கும் அது வசதி.

இவற்றில் ராஜா யார் என்றால், பக்கத்துச் சொத்தின் சமகாலக் கிரயப் பத்திரம். அதே தெரு, அதே தன்மை, உங்கள் கிரயத் தேதிக்குக் கொஞ்சம் முன்போ பின்போ நடந்த விற்பனை. எப்படிக் கண்டுபிடிப்பது? பக்கத்து உட்பிரிவு எண்களுக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். விற்பனை நடந்திருந்தால் ஆவண எண்ணும் கிரயத் தொகையும் அதில் இருக்கும். அந்த எண்ணை வைத்து சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் கேட்டு வாங்கலாம். இரண்டு மூன்று போதும். அவற்றில் வழிகாட்டி மதிப்பை அப்படியே எழுதியவை இருந்தால் எடுத்து வைக்காதீர்கள், அவை எதிர்த்தரப்புக்குத்தான் உதவும். உறவினருக்குள் எழுதிய பத்திரங்களுக்கும் மரியாதை குறைவு. அதே எண்ணில் உங்களுக்கு எதிரான விற்பனை ஒன்று இருந்தால், அதை அலுவலகம் எடுத்து நீட்டும் என்று வைத்துக்கொண்டு பதிலைத் தயாராக வைத்திருங்கள்: அது முனை மனை, இது உள்மனை, அது 40 அடிச் சாலை, இது 12 அடிச் சந்து.

அடுத்து கிராம நிர்வாக அலுவலரிடம் கிடைப்பவை: அடங்கல் (பயிர்க் கணக்கு), அ-பதிவேடு (நில வகைப் பதிவேடு) நகல், பட்டா, புல வரைபடம். புகைப்படத்தைத் தேதியோடு எடுங்கள். வெறும் நிலத்தை மட்டும் எடுத்தால் எந்த ஊர் என்றே தெரியாது. சாலையிலிருந்து ஆரம்பித்து வரப்பு வழியாக நிலத்துக்குப் போகிற வரிசையில் ஏழெட்டுப் படங்கள் எடுங்கள். பாதை இல்லை என்பதை அந்தப் படங்கள் சொல்லும்.

பதிவு பெற்ற மதிப்பீட்டாளரின் அறிக்கை பெரிய தொகைக்கு அவசியம், சின்னத் தொகைக்குக் கட்டுப்படியாகாது. வாங்கினால், கிரயத் தேதியில் இருந்த மதிப்பைச் சொல்லச் சொல்லுங்கள். பலர் இன்றைய மதிப்பைப் போட்டு வாங்கி வந்து தாங்களே மாட்டிக்கொள்கிறார்கள். சட்டம் பார்ப்பது பத்திரம் எழுதிய நாளின் நிலவரத்தை. வீடாக வாங்கிய இடத்தை அப்புறம் கடையாக்கினாலும், வாங்கிய நாளில் என்னவாக இருந்தது என்பதே கணக்கு என்று 2012-இல் உச்ச நீதிமன்றம் ஒரு உத்தரப் பிரதேச வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. நிலத்தை வாங்கிய பிறகு முன்னால் தார்ச்சாலை வந்தது, பேருந்து நிறுத்தம் வந்தது என்று அதிகாரி சொன்னால் இந்த வாதத்தை வையுங்கள்.

நீதிமன்றமோ அரசு அமைப்போ நடத்திய வெளிப்படையான ஏலத்தில் எடுத்த சொத்து என்றால் உங்கள் நிலை இன்னும் பலமானது. அப்படியான விற்பனையில் விலையை மறைக்க வாய்ப்பில்லை என்ற அடிப்படையில், 2009-இல் ஒரு தமிழ்நாட்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் 47ஏ நடவடிக்கையை ஏற்கவில்லை. ஏல அறிவிப்பு, விற்பனைச் சான்று இரண்டையும் முதல் விளக்கத்திலேயே இணைத்துவிடுங்கள்.

இடப்பார்வையும் இரண்டாவது நோட்டீஸும்

தனித்துணை ஆட்சியர் இடத்தை நேரில் பார்க்கலாம். பார்ப்பதற்கு முன் உங்களுக்கு அறிவிப்பு வர வேண்டும். அன்று எந்த வேலை இருந்தாலும் போய் நில்லுங்கள், அல்லது விவரம் தெரிந்த ஒருவரை அதிகாரக் கடிதத்துடன் அனுப்புங்கள். நாங்கள் போன அன்று, வண்டி மனைப்பிரிவுச் சாலையில் வந்து நின்றது. அங்கிருந்து பார்த்தால் எங்கள் நிலம் கல்லெறி தூரம்தான். ஓடையைத் தாண்டி நடந்து வாருங்கள் என்று சித்தப்பா வேண்டிக் கேட்டு, செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு எல்லோரும் இறங்கினார்கள். எனக்கென்னவோ, நாங்கள் எழுதிக் கொடுத்த பக்கங்களைவிட அந்த முழங்கால் தண்ணீர்தான் எங்களுக்காகப் பேசியது.

பார்த்து முடித்ததும், அன்று யார் வந்தார்கள், என்ன காட்டினீர்கள் என்று ஒரு கடிதமாக எழுதி மறுநாளே அலுவலகத்தில் கொடுத்துவிடுங்கள். இடப்பார்வை அறிக்கையில் ஏதாவது விட்டுப்போனால் அது உதவும்.

பிறகு வருவது படிவம் 2. தற்காலிகமாக இவ்வளவு மதிப்பு, இவ்வளவு தீர்வை என்று தீர்மானித்து, உங்கள் ஆட்சேபணையைக் கேட்பார்கள். எந்த அடிப்படையில் அந்த மதிப்பு வந்தது என்பதும் சொல்லப்பட வேண்டும். அதில் அச்சிட்டிருக்கும் கெடுவையும் விசாரணை நாளையும் அப்படியே பிடித்துக்கொள்ளுங்கள். முதல் விளக்கத்தையே மறுபடி அனுப்பாதீர்கள். தற்காலிக மதிப்பு எந்த ஆவணத்தை வைத்து வந்தது, அது ஏன் உங்கள் சொத்துக்குப் பொருந்தாது என்று அதற்கு மட்டும் பதில் எழுதுங்கள். படிவம் 1 வராமலோ, உங்கள் விளக்கத்தைப் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லாமலோ வேலை நடந்திருந்தால், அந்தக் குறையை இங்கேயே எழுத்தில் பதிவு செய்யுங்கள். மேலே போகும்போது இது கை கொடுக்கும்.

விதிப்படி முதல் நோட்டீஸ் தேதியிலிருந்து 3 மாதத்துக்குள் இறுதி உத்தரவு வர வேண்டும். நடைமுறையில் அது எப்படி இருக்கும் என்பதை உங்கள் அனுபவத்துக்கே விட்டுவிடுகிறேன்.

உத்தரவு வந்த பிறகு: 2 மாதம்

இறுதி உத்தரவில் இரண்டு கடிகாரங்கள் ஒரே நேரத்தில் ஓட ஆரம்பிக்கின்றன. ஒன்று, குறைவுத் தீர்வையைக் கட்டுவதற்கு 2 மாதம். தாண்டினால் மாதம் 1 சதவீத வட்டி, பாக்கித் தொகை சொத்தின் மேல் பொறுப்பாக ஏறும். இன்னொன்று, மேல்முறையீட்டுக்கும் 2 மாதம். மேல்முறையீடு போட்டதாலேயே கட்டும் கெடு நின்றுவிட்டது என்று இருந்துவிடாதீர்கள். வசூலை நிறுத்திவைக்கக் கேட்டுத் தனி மனு சேர்த்துப் போடுங்கள்.

நாட்களை எண்ணுவதில்தான் பலர் தவறுகிறார்கள். சித்தப்பாவின் உத்தரவில் போட்டிருந்த தேதி மார்ச் 3. தபாலில் வந்தது மார்ச் 28. சித்தப்பா மே 28 வரை நேரம் இருக்கிறது என்று சாவகாசமாக இருந்தார். நான் உத்தரவின் தேதியிலிருந்து எண்ணச் சொன்னேன்: மே 3. அதிலும் 60 நாள் கணக்கு என்று பார்த்தால் மே 2. எது முன்னால் வருகிறதோ அதையே கடைசி நாளாக வைத்துக்கொள்வது பாதுகாப்பு. கையில் கிடைத்த தேதி, தாமதத்துக்கான காரணம், மன்னிப்பு மனு என்பதெல்லாம் வாதத்துக்கு உரிய விஷயங்கள். வாதம் செய்யத் தேவையில்லாத தேதி ஒன்று இருக்கும்போது அதையே பிடிப்பதுதான் புத்தி. நாங்கள் ஏப்ரல் கடைசி வாரத்தில் தாக்கல் செய்தோம்.

மேல்முறையீடு பதிவுத்துறைத் தலைவருக்கு. அலுவலகம் சென்னை சாந்தோம் நெடுஞ்சாலையில். மனுவோடு உத்தரவின் மூலப் பிரதியோ சான்றிட்ட நகலோ இருக்க வேண்டும். படிவம் 1, 2, நீங்கள் கொடுத்த விளக்கங்கள், ஆதாரங்கள் எல்லாம் பக்க எண் போட்டு வரிசையாக இருக்கட்டும். உத்தரவு எங்கே தவறு என்பதைப் புள்ளி புள்ளியாகச் சொல்லுங்கள்: நேரில் பார்க்கவில்லை, சமகாலப் பத்திரங்களைப் பரிசீலிக்கவில்லை, வழிகாட்டி மதிப்பை மட்டும் நகலெடுத்திருக்கிறது, மதிப்புக்குக் காரணம் இல்லை. எங்களுக்கு இருந்த சங்கடம், கீழே நாங்கள் எதுவுமே கொடுக்கவில்லை என்பது. "வாய்ப்புக் கொடுத்தும் வரவில்லை" என்ற ஒரு வரி உத்தரவில் இருந்தால் மேலே எல்லாம் கனக்கும். நல்லவேளையாக மறு விசாரணைக்குத் திருப்பி அனுப்பினார்கள். அந்தச் சுற்றில்தான் மேலே சொன்ன மனுவும் ஓடையும் எல்லாம்.

மேல்முறையீட்டில் இன்னொரு பக்கமும் உண்டு. தனித்துணை ஆட்சியர் மதிப்பைக் குறைத்து உத்தரவு போட்டால் விஷயம் முடிந்தது என்று அர்த்தமில்லை. அரசு வருவாய்க்குப் பாதகம் என்று தோன்றினால் பதிவுத்துறைத் தலைவர் தானாகவே அதை எடுத்துப் பார்க்கலாம். பதிவின்போது யாரும் எதுவும் கேட்காத பத்திரத்தையும், பதிவு செய்த நாளிலிருந்து 5 ஆண்டுக்குள் தனித்துணை ஆட்சியர் தானாக முன்வந்து எடுக்க முடியும். ஆகையால் கிரயத் தேதியில் சொத்து எப்படி இருந்தது என்பதற்கான படங்களையும் அடங்கலையும் குறைந்தது 5 வருடம் பத்திரமாக வையுங்கள், நோட்டீஸ் வந்தாலும் வராவிட்டாலும்.

பதிவுத்துறைத் தலைவரின் உத்தரவிலும் திருப்தி இல்லையென்றால் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை. அங்கே வழக்கறிஞர் இல்லாமல் போகாதீர்கள், உத்தரவு கையில் கிடைத்த வாரத்திலேயே போங்கள். பதிவுத்துறைத் தலைவரைத் தாண்டி நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாமா என்று சிலர் கேட்பார்கள். மேல்முறையீட்டு வழி திறந்திருக்கும்போது நீதிமன்றம் பெரும்பாலும் அங்கேயே போகச் சொல்லும். அதற்குள் உங்கள் 2 மாதம் கரைந்துவிடும்.

சர்வே எண்ணுக்கு ஏறியிருக்கும் வழிகாட்டி மதிப்பே தவறு, அதை மாற்ற வேண்டும் என்பது தனிப் பாதை. வரைவு மதிப்பு வெளியிடும்போது ஆட்சேபணை சொல்லலாம். மாவட்ட ஆட்சியர் தலைமையிலான மதிப்பீட்டுத் துணைக்குழு இதைப் பார்க்கிறது. அந்த மனுவைப் போட்டுவிட்டு 47ஏ நோட்டீஸை விட்டுவிடக் கூடாது. இரண்டும் வேறு வேறு மேசைகள்.

பணம் கட்டியதும்

சித்தப்பாவுக்குக் கடைசியில் சென்ட் 45,000 ரூபாய் என்று முடிவானது. 18 லட்சம். வித்தியாசம் 6 லட்சத்துக்கு 7 சதவீதம், 42,000 ரூபாய் கட்டினார். 30,000-க்கு வாங்கியதை 45,000 என்கிறார்களே என்று அவருக்கு இன்னும் மனத்தாங்கல் உண்டு. மறுபடி மேலே போகலாமா என்று கேட்டார். வேண்டாம் என்று சித்தியே சொல்லிவிட்டார்.

கட்டிய சீட்டை வாங்கியதோடு விடாதீர்கள். முழுத் தீர்வையும் செலுத்தப்பட்டது என்ற சான்று அசல் பத்திரத்தில் எழுதப்பட்டு வர வேண்டும். அசலை வாங்கும்போது அந்தக் குறிப்பையும் கையொப்பத்தையும் அங்கேயே பாருங்கள். ஒரு மாதம் கழித்து வில்லங்கச் சான்று போட்டு, பாக்கிப் பொறுப்பு எதுவும் மிச்சம் நிற்கவில்லையா என்று சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

உத்தரவின் நகலை உங்கள் ஆடிட்டருக்கும் விற்றவருக்கும் அனுப்புங்கள். வருமான வரியிலும் முத்திரை மதிப்பைத்தான் எடுத்துக்கொள்வார்கள். பத்திர விலைக்கும் அதற்கும் வித்தியாசம் 10 சதவீதத்தைத் தாண்டினால், விற்றவருக்கு மூலதன ஆதாயம் கூடும், வாங்கியவருக்கும் அந்த வித்தியாசம் வருமானமாகக் கருதப்படலாம். 52 லட்சம் என்று இருந்தது 18 லட்சம் ஆனதை அந்தக் கணக்கில் காட்டாமல் விட்டால், இங்கே மிச்சம் பிடித்ததை அங்கே கொடுக்க வேண்டியிருக்கும். சித்தப்பாவிடம் நிலத்தை விற்றவர் இந்த நகலை வாங்கத்தான் ஒரு மழை நாளில் வீடு தேடி வந்தார்.